கள்ளியும் செம்பூச்சியும்: மேய்ச்சல் நில வரலாற்றில் ஓர் ஆய்வு

முன்னுரை

ஒரு நாட்டின் வரலாறு அரசர் போர்களாலும் கல்வெட்டுகளாலும் மட்டும் ஆவதன்று. ஆனிரை மேய்ந்த புல்வெளிக்கும், அதனை வளைத்துக்கொண்ட முட்செடிக்கும், அம்முட்செடியை உண்டழித்த சிறு பூச்சிக்கும் வரலாறு உண்டு. அவ்வரலாறு உழவர், ஆயர் முதலிய எளிய மக்களின் வாழ்வோடு நேரே பிணைந்து கிடத்தலின், போர் வரலாற்றினும் ஒருவகையில் ஆழமுடையது எனலாம். எனினும் அதனை எழுதியவர்கள் பெரும்பாலும் பூச்சியியலாரும் நில அலுவலருமே ஆவர். மொழியறிஞர் அதன்பால் கண் செலுத்தியது குறைவு.

சப்பாத்திக்கள்ளி எனப்படும் அமெரிக்கச் செடியும், அதனை உணவாகக் கொண்ட பூச்சிகளும் தமிழகம், இலங்கை, ஆத்திரேலியா, மடகாசுகர் ஆகிய நிலங்களில் விளைத்த மாற்றங்களை இக்கட்டுரையில் ஆராய்கின்றோம். இரண்டு செய்திகளை நிறுவுதல் எம் நோக்கம். ஒன்று, கள்ளி, இந்திரகோபம் என்னும் இரு பழஞ்சொற்களுக்குப் பிற்காலப் பொருளை ஏற்றி உரைப்பது பொருந்தாது என்பது. மற்றொன்று, ஒரே பூச்சி ஒரு நிலத்தில் உயிர் காப்பதாகவும் பிறிதொரு நிலத்தில் உயிர் போக்குவதாகவும் அமைந்தமைக்குக் காரணம் பூச்சியின் இயல்பன்று, அந்நிலத்து மக்கள் அச்செடியோடு கொண்டிருந்த உறவே என்பது.

சங்க நூல்களில் கள்ளி

முல்லை என்பது காடும் காடு சார்ந்த நிலமும் ஆகும் என்பதும், அஃது ஆயர் வாழ்வுக்கு உரியது என்பதும் நாம் அறிந்தவை. மழை பொய்த்து வெயில் மிகும்போது முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்து பாலை என்னும் வடிவு கொள்ளும் எனச் சிலப்பதிகாரக் காடுகாண் காதை கூறுகின்றது. மேய்ச்சல் நிலம் கெடுவதையே இளங்கோவடிகள் ஈண்டுச் சுட்டினார் என்று கொள்ளின் அது பிழையாகாது. புல் அழிந்த இடத்தில் முள்ளுடைய செடிகளும் பாலுடைய செடிகளும் எஞ்சி நிற்கும். மாடும் ஆடும் அவற்றைத் தீண்டா. ஆதலின் அவை மேலும் பெருகும். பாலைப் பாட்டுகளில் கள்ளி அடிக்கடி வருவதன் காரணம் இதுவே.

அக்கள்ளி எது? இக்காலத்து மாணவர் பலர் கள்ளி என்றவுடன் தட்டையான பலகை போன்ற உறுப்புகளையும் செந்நிறப் பழத்தையும் உடைய சப்பாத்திக்கள்ளியையே நினைக்கின்றனர். பாடநூல்களின் ஓவியங்களும் பலகால் அதனையே காட்டுகின்றன. இது காலத்தோடு முரண்படும். சப்பாத்திக்கள்ளி ஒபன்சியா என்னும் இனத்தைச் சார்ந்தது. அவ்வினம் முழுவதும் அமெரிக்கக் கண்டங்களுக்கே உரியது. கொலம்பசு 1492இல் கடல் கடந்த பின்னரே அது பிற கண்டங்களை அடைந்தது. ஆகவே சங்கப் புலவர் அதனைக் கண்டிருத்தல் இயலாது.

காலக் கணக்கு ஒருபுறமிருக்க, பாட்டின் அகச்சான்றே இதனை உறுதி செய்கின்றது. குறுந்தொகை 174ஆம் பாட்டில் வெண்பூதியார், கவைத்த முள்ளையுடைய கள்ளியின் காய் வெடிக்கும் கடிய ஓசையால் துணையோடிருந்த புறாக்கள் அஞ்சி நீங்குவதைக் கூறுகின்றார். இரண்டு குறிப்புகள் ஈண்டு நோக்கத்தக்கன. முள் இரண்டாகக் கவைத்திருத்தல் சதுரக்கள்ளி முதலிய பாற்கள்ளி இனங்களின் இயல்பு; அவற்றின் தண்டு விளிம்பில் முட்கள் இரண்டிரண்டாக நிற்கும். காய் ஓசையுடன் வெடித்தலும் அவ்வினங்களின் இயல்பே. மூன்று அறையுடைய அக்காய் உலர்ந்தவுடன் தெறித்து விதையைச் சிதறும். சப்பாத்திக்கள்ளியின் கனியோ சதைப்பற்றுடையது, வெடிக்காது. பறவையும் விலங்கும் அதனை உண்டே விதையைப் பரப்புகின்றன. எனவே சங்கக் கள்ளி பாற்கள்ளியே என்பது ஐயமின்றித் துணியப்படும். புலவர் செடியை உற்று நோக்கிப் பாடினமையாலன்றோ இரண்டாயிரம் ஆண்டுகளுக்குப் பின்னும் நாம் அதனை இனங்கண்டுகொள்ள முடிகின்றது!

புதுச்செடிக்குப் பழம்பெயர்

புதிய பொருள் ஒன்று நாட்டிற்குள் வரும்போது மக்கள் தாம் அறிந்த பொருளின் பெயரோடு ஓர் அடைமொழி சேர்த்து அதனை வழங்குவர். கள்ளி என்னும் பொதுப்பெயரோடு சதுரம், திருகு, இலை, கொடி முதலிய அடைகள் முன்னரே வழங்கின. இவற்றுள் திருகுகள்ளி என்னும் பெயர் மலையாள நாட்டுச் செடிகளைப் பற்றி 1678 முதல் 1693 வரை ஆம்சுடர்டாமில் வெளிவந்த ‘ஓர்த்தூசு மலபாரிக்கூசு’ நூல் வழியாக லின்னேயசை எட்டி, அவர் 1753இல் இட்ட இலத்தீன் பெயரிலும் இடம் பெற்றது. அமெரிக்கச் செடி வந்தபோது அதற்கும் கள்ளி என்னும் பெயரே ஏற்பட்டது. பால் இல்லாத செடியாயினும், இலையற்ற தண்டும் முள்ளும் ஒத்திருந்தமையின் மக்கள் அவ்வாறு அழைத்தனர்.

சப்பாத்தி என்னும் அடையை உண்ணும் சப்பாத்தியோடு இயைத்துத் தட்டையான வடிவால் வந்த பெயர் என்பர் சிலர். ஆயினும் சப்பாத்துக்கள்ளி என்னும் வடிவமும் வழக்கில் உள்ளது. சப்பாத்து என்பது மிதியடியைக் குறிக்கும் போர்த்துகீசியச் சொல்லின் தமிழ் வடிவம். இவ்விரண்டனுள் எது முந்தியது என ஆராயுங்கால் கன்னட வழக்குத் துணை செய்கின்றது. கன்னடத்தில் இச்செடிக்குப் பாப்பாசுகள்ளி என்பது பெயர். பாப்பாசு என்பது பாரசீகத்திலிருந்து வந்த, மிதியடியைக் குறிக்கும் சொல். அண்டை மொழியும் மிதியடியையே உவமையாக்கிப் பெயரிட்டிருத்தலின், தமிழிலும் சப்பாத்து என்னும் மிதியடியே முதற்பொருளாய் இருந்து, அச்சொல் வழக்குக் குன்றியபின் உணவுப் பெயராகத் திரிந்தது என்று கொள்வதே பொருத்தமாகத் தோன்றுகின்றது. இக்கருத்து ஏற்கப்படின், பெயர் தோன்றிய காலம் போர்த்துகீசியர் வந்த 1498ஆம் ஆண்டிற்குப் பிற்பட்டது என்பது சொல்லாலேயே பெறப்படும்.

நாகதாளி என்னும் மற்றொரு பெயர் படமெடுத்த பாம்பின் வடிவை நோக்கி எழுந்தது. தெலுங்கில் நாகசெமுடு என்றும் இந்தியில் நாகபணி என்றும் வழங்குவன இதற்கு இனமானவை. தெலுங்குச் செமுடு என்பதும் பாற்கள்ளிக்குரிய பழம்பெயரே ஆதலின், பழம்பெயர் புதுச்செடிக்கு மாறிய நெறி இரு மொழிக்கும் ஒன்றாயிருத்தல் காண்க.

இந்திரகோபம் என்னும் சொல்

முல்லை நிலத்துக் கார்காலச் செம்பூச்சியைப் பற்றியும் இத்தகைய குழப்பம் உண்டு. அகநானூறு 14ஆம் பாட்டில் ஒக்கூர் மாசாத்தனார், செந்நிலப் பெருவழியில் காயாவின் பூக்கள் உதிர்ந்து கிடக்க, அவற்றிடையே மூதாய்கள் வரிவரியாக ஊர்ந்து செல்லும் காட்சியைத் தீட்டுகின்றார். இம்மூதாயே தம்பலப்பூச்சி என்றும், வடமொழியில் இந்திரகோபம் என்றும் வழங்குவது. மோனியர் வில்லியம்சின் வடமொழி அகராதி இந்திரகோபத்திற்குக் ‘கொச்சினீல்’ பூச்சி என்னும் பொருளைத் தருகின்றது. அவ்வழியே தமிழ்ச் சொல்லுக்கும் அப்பொருள் உரைப்பார் உளர்.

கொச்சினீல் என்பது சப்பாத்திக்கள்ளி இனங்களின் மீது வாழும் அமெரிக்கப் பூச்சி. அது பெண்ணாயின் ஓரிடத்தில் ஒட்டிக்கொண்டு, வெண்மெழுகால் தன்னை மூடி, நகராது வாழும். மூதாயோ மழை பெய்த ஈரநிலத்தில் ஊர்ந்து திரிவது. பட்டுப் போன்ற செம்மயிர் உடையது. எட்டுக் கால்களை உடைமையின் பூச்சியினும் சிலந்திக்கே நெருங்கிய உறவினது. சீக்பிரீட் லீன்கார்டு என்னும் அறிஞர் 1978இல் இந்திரகோபம் என்னும் சொல்லைத் தனியே ஆராய்ந்து, அது செவ்வெல்வெட்டு உண்ணியினத்தையே குறிக்கும் எனக் காட்டினார். தமிழ்ப் பாட்டு அம்முடிபினை உறுதிப்படுத்துகின்றது. உயிரியலார் கூற்றுப்படி இவ்வினத்தின் இளமைப் பருவத்தன வெட்டுக்கிளி முதலிய பூச்சிகளின் உடலில் ஒட்டி வாழ்வன. வளர்ந்தவற்றுள் சில, மழைக்குப் பின் புற்றினின்று எழும் ஈயலை இரையாகக் கொள்வன. பழம்பாட்டில் மூதாய் ‘ஈயல்’ என்னும் சொல்லோடு அடுத்து வருவதை இதனோடு ஒப்புநோக்குதல் பயனுடைத்து.

சென்னையில் செஞ்சாயத் தோட்டம்

கொச்சினீல் பூச்சியின் உடலிலுள்ள செஞ்சாயத்தை மெக்சிகோ மக்கள் நெடுங்காலமாகப் பயன்படுத்தி வந்தனர். இசுபானியர் அதனை ஐரோப்பாவிற்கு விற்றுப் பெரும்பொருள் ஈட்டினர். அவ்வாணிகத்தில் தாமும் பங்கு பெற விரும்பிய கிழக்கிந்தியக் கும்பினியார்க்குச் சென்னையிலிருந்து ஒரு செய்தி கிடைத்தது. சென்னையில் மருத்துவராயிருந்த சேம்சு ஆண்டர்சன், 1786இல் சென்னைக்கு அருகே புல்லின்மேல் வாழும் ஒரு செதிற்பூச்சியைக் கண்டு, அதனைக் கொச்சினீல் எனக் கருதி, இலண்டனிலிருந்த சர் சோசப்பு பேங்சுக்குத் தொடர்ந்து மடல்கள் எழுதினார். அம்மடல்கள் சென்னையிலேயே நூலாகவும் அச்சேறின. புல்லில் கண்ட பூச்சி விலைபெறும் சாயம் தருவதன்று எனப் பின்னர்த் தெளிவாயிற்று. ஆயினும் மெய்யான பூச்சி வருமென்னும் எதிர்பார்ப்பில் சைதாப்பேட்டைப் பக்கத்தில் கள்ளித் தோட்டம் ஒன்று அமைக்கப்பட்டது.

1795இல் நீல்சன் என்னும் படைத்தலைவர் பிரேசில் நாட்டு இரியோ டி செனீரோவிலிருந்து பூச்சிகளைக் கல்கத்தாவிற்குக் கொணர்ந்தார். வந்தது உயர்ந்த சாயந்தரும் வளர்ப்புப் பூச்சியன்று, அதன் காட்டினம். அதன் சாயம் தரத்தில் தாழ்ந்தமையின் வாணிகம் வளரவில்லை. பூச்சி மட்டும் வளர்ந்தது. நாட்டில் வேலிகளாகப் பரவியிருந்த ஒபன்சியா மொனகாந்தா என்னும் கள்ளியினத்தை அது விரைந்து அழித்தது. சாயத்திற்கென்று கொணர்ந்த பூச்சி சாயத்திற்கு உதவாமல் களையைக் கொல்வதற்கு உதவியது.

இதனை உணர்ந்தோர் 1836 முதல் 1838 வரையிலான காலத்தில் அப்பூச்சியைத் தென்னிந்தியாவில் வேண்டுமென்றே பரப்பிக் கள்ளியை அழித்தனர். 1860களில் அது இலங்கைக்கும் கொண்டு செல்லப்பட்டது. களையை அதன் இயற்கைப் பகையால் அடக்குதல் என்னும் முறை இன்று உலகெங்கும் ஒரு தனித்துறையாக வளர்ந்துள்ளது. அத்துறையின் முதல் நிகழ்ச்சிகள் தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் நடந்தவை என்பதனைத் தமிழ் மாணவர் அறிந்திருத்தல் வேண்டும். கிரீன் என்பார் 1896இல் இலங்கையிற் கண்டு இப்பூச்சிக்குப் பெயரிட்டமையால் ‘சிலோனிகசு’ என்பதே அதன் அறிவியற் பெயராயிற்று. பிறந்தகம் தென்னமெரிக்கா, பெயரோ இலங்கையது. பெயரைக் கொண்டு பிறப்பை முடிவு செய்யலாகாது என்னும் பாடத்தை அறிவியற் சொல்லும் நமக்குக் கற்பிக்கின்றது.

ஒன்று ஈண்டுக் கருதத்தக்கது. இப்பூச்சி மொனகாந்தாவை மட்டுமே அழிக்க வல்லது. முள் மிகுந்த தில்லேனி என்னும் மற்றோர் இனத்தைத் தொடாது. ஆதலின் முதலினம் ஒழிந்தபின்னும் இரண்டாம் இனம் தமிழகத்தின் மேய்ச்சல் நிலங்களிலும் தரிசுகளிலும் தடையின்றிப் பெருகியது. ஒடிந்து விழும் ஒவ்வொரு தண்டும் வேரூன்றும். மாடு அதனை விலக்கிப் புல்லை மட்டும் மேயும். புல் குறையக் குறையக் கள்ளி இடம் பெறும். மேய்ச்சல் மிகுதியும் கள்ளிப் பெருக்கமும் இங்ஙனம் ஒன்றையொன்று வளர்த்தன.

ஆத்திரேலியப் புல்வெளிகள்

இதே வரலாறு ஆத்திரேலியாவில் மிகப்பெரிய அளவில் நிகழ்ந்தது. 1788இல் சிட்னியில் குடியேற்றம் அமைத்த ஆளுநர் பிலிப்பு, வழியில் இரியோ டி செனீரோவில் கள்ளியையும் கொச்சினீல் பூச்சியையும் ஏற்றி வந்தார். அவர் நாடியதும் சாயமே. எனினும் பின்னர்ப் பெருங்கேடு விளைத்தது அச்செடியன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆட்டுப் பண்ணைகளிலும் மாட்டுப் பண்ணைகளிலும் வேலிக்கென நட்ட ஒபன்சியா சுடிரிக்டா என்னும் இனமே ஆகும். அது குவீன்சுலாந்திலும் நியூ சவுத்து வேல்சிலும் 1900இல் ஏறத்தாழ 1 கோடி ஏக்கரை வளைத்திருந்தது. 1920களின் நடுவில் அப்பரப்பு 6 கோடி ஏக்கராயிற்று. அதில் பாதியில் மனிதனும் விலங்கும் நுழைய முடியாதபடி செடி நெருங்கி நின்றது. பண்ணையார் நிலத்தைக் கைவிட்டு நீங்கினர். வெட்டியும் எரித்தும் நஞ்சிட்டும் பார்த்தனர். செலவு நிலத்தின் விலையை விஞ்சியது.

குவீன்சுலாந்து அரசு 1912இல் சான்சுடன், திரையோன் என்னும் இரு அறிஞரைக் கள்ளியின் பகைகளைத் தேடி உலகம் சுற்றிவர விடுத்தது. அவர்கள் இலங்கையிலிருந்து கொணர்ந்த சிலோனிகசு பூச்சி ஆங்கிருந்த மொனகாந்தா இனத்தை அடக்கியது. முதன்மைப் பகையாகிய சுடிரிக்டாவோ அசையவில்லை. 1920இல் கூட்டரசும் இரு மாநில அரசுகளும் சேர்ந்து ஒரு வாரியம் அமைத்தன. அதன்சார்பில் ஆலன் தாடு 1925இல் அர்சென்டீனாவிலிருந்து காக்டோபிளாசுடிசு என்னும் அந்துப்பூச்சியின் முட்டைகள் ஏறத்தாழ 3,000ஐக் கொணர்ந்தார். அவற்றிலிருந்து பெருக்கிய முட்டைகள் 1926 முதல் வெளியிடப்பட்டன. சில ஆண்டுகளுள் 200 கோடி அளவில் பகிர்ந்தளிக்கப்பட்டன.

இவ்வந்து செயற்படும் முறை வியப்புடையது. பெண் அந்து தன் முட்டைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, கள்ளியின் முள்போலவே தோன்றும் ஒரு குச்சியாக இட்டுவிடுகின்றது. பொரித்த புழுக்கள் ஒன்றாகக் கூடி ஓரிடத்தில் துளைத்து உட்புகுகின்றன. கள்ளியின் பசை தனிப்புழுவை மூழ்கடிக்க வல்லது. கூட்டமாக நுழைவதாலேயே அவை அதனை வெல்கின்றன. உள்ளே சதையைத் தின்ன, அழுகல் நோய் பின்தொடர, மரம்போல் நின்ற செடி கூழாகிச் சரியும். 1930களின் தொடக்கத்திலேயே பெரும்பரப்பு வெறுமையாயிற்று. இடையே மீண்டும் தளிர்த்த கள்ளியையும் மீண்டும் பெருகிய அந்து அழித்தது. சின்சில்லா நகருக்கு அருகிலுள்ள பூனார்காவில் மக்கள் கூடிக் கட்டிய ஓர் ஊர்மன்றத்திற்கு 1936இல் அந்த அந்துப்பூச்சியின் பெயரையே சூட்டினர். வீரர்க்கு நடுகல் எடுத்த நாட்டினராகிய நமக்கு, பூச்சிக்கு எடுத்த இந்நினைவு மன்றம் நகைப்பிற்குரியதாகத் தோன்றாது. இழந்த நிலத்தை மீட்டுத் தந்தவரை நினைவு கூர்தல் எங்கும் ஒன்றே.

மீண்டும் தமிழகம்

ஆத்திரேலிய ஆய்வில் கிடைத்த மற்றொரு கொச்சினீல் இனம் சுடிரிக்டா, தில்லேனி ஆகிய நெருங்கிய உறவுடைய கள்ளிகளை உண்ணுவது. அது 1920களில் இலங்கைக்கும், இலங்கையிலிருந்து 1926இல் தென்னிந்தியாவிற்கும் வந்தது. முந்தைய பூச்சி தொடாது விட்ட தில்லேனிக் கள்ளியை இது பற்றிக்கொண்டது. ஐந்தாறு ஆண்டுகளுக்குள் தென்னிந்திய நிலங்களில் சப்பாத்திக்கள்ளியின் ஆதிக்கம் ஒழிந்தது. இன்று நாம் வழியோரங்களிலும் மேடுகளிலும் காணும் சில புதர்கள் அவ்வழிவின் எச்சங்களே. வெண்பஞ்சு ஒட்டியதுபோல் அவற்றின் மேல் காணும் மெழுகை விரலால் நசுக்கின் செந்நிறம் ஒட்டுவதை யாரும் காணலாம்.

கள்ளி நீங்கிய இடம் புல்லுக்கே மீண்டும் உரிமையாயிற்றோ எனின், எங்கும் அவ்வாறு ஆகவில்லை. 1877இல் இந்தியாவிற்கு வந்த சீமைக்கருவேலம் பின்னர்த் தமிழகத்தின் வறண்ட நிலங்களில் பேரளவில் பரவியது. அதன் நெற்றை ஆடும் மாடும் விரும்பி உண்டு விதையைப் பரப்புகின்றன, இலையையோ தீண்டுவதில்லை. பார்த்தீனியம் என்னும் களை 1950களின் நடுவில் புனே நகரில் கண்டறியப்பட்டு நாடெங்கும் பரவியது. அதனை அடக்க மெக்சிகோவிலிருந்து கொணர்ந்த வண்டு 1984இல் பெங்களூரில் வெளியிடப்பட்டது. ஒரு செடி போனால் வேறொரு செடி வருவது மேய்ச்சல் நிலத்தின் நோய் செடியில் மட்டும் இல்லை என்பதைக் காட்டும். புல் வலிமை குன்றிய நிலம் எந்த வரவுக்கும் இடங்கொடுக்கும்.

கொங்கு நாட்டின் கொறங்காடு இதற்கு எதிர்ச்சான்றாக விளங்குகின்றது. காங்கேயம் சுற்றுப்புறத்தில் உழவர் தம் மேய்ச்சற் காட்டைக் கிளுவை வேலியால் வளைத்து, கொழுக்கட்டைப்புல்லும் வெள்வேலும் ஓங்க வைத்து, கால்நடையை மாற்றி மாற்றி மேய்க்கின்றனர். வேலிக்கு வெளிநாட்டு முள்ளை நாடாமல் நாட்டுச் செடியையே நட்டதும், மேய்ச்சலுக்கு இடைவெளி விட்டதும் அவர்தம் பட்டறிவின் பயன்.

மடகாசுகர் தரும் பாடம்

இதுகாறும் கூறியவற்றால் பூச்சி மேய்ச்சல் நிலத்திற்கு நண்பன் என்று மட்டும் முடிபு கொள்ளின் அது குறையுடையதாகும். மடகாசுகர்த் தீவின் தென்பகுதி மழை குன்றிய நிலம். ஆங்கு 1769 அளவில் பிரெஞ்சுக்காரர் மொனகாந்தாக் கள்ளியைக் கோட்டை தொபேனில் நட்டனர். தீவின் தெற்கில் வாழும் தாந்திராய் முதலிய ஆயர்குடியினர் அச்செடியைத் தம் வாழ்வின் நடுவே வைத்துக்கொண்டனர். கோடையில் முள்ளைப் பொசுக்கி மாட்டுக்கு இட்டனர். அதன் சாறே மாட்டுக்குத் தண்ணீர். கனியைத் தாம் உண்டனர். ஊரைச் சூழக் கோட்டைபோல் வளர்த்துப் பகைவரைத் தடுத்தனர். பிரெஞ்சுப் படை தெற்கில் புகுந்தபோது இம்முள்ளரண் அதற்குப் பெரிய தடையாக நின்றது.

1924இல் துலேயார்ப் பகுதியில் கொச்சினீல் பூச்சி விடப்பட்டது. அதனோடு பெரியே டி லா பாத்தி என்னும் நிலைத்திணை அறிஞரின் பெயர் தொடர்புடையது. காற்றில் மிதந்து செல்லும் இளம்பூச்சிகள் சில ஆண்டுகளுள் தென்னிலம் முழுவதையும் எட்டின. 1929 அளவில் கள்ளி பெரும்பாலும் அழிந்தது. அடுத்து மழையும் பொய்த்தது. 1930, 1931ஆம் ஆண்டுகளில் கொடிய பஞ்சம் தோன்றியது, மாடுகள் திரள் திரளாக மடிந்தன, மக்கள் மாண்டனர், எஞ்சியோர் பலர் பிழைப்பு நாடி வடக்கே பெயர்ந்தனர். கள்ளியைக் களை என்றவர் அலுவலர். அதனை உணவு என்றும் நீர் என்றும் அரண் என்றும் கொண்டிருந்தவர் ஆயர். முடிவு செய்யும் உரிமை முன்னவர் கையிலும், அதன் விளைவு பின்னவர் தலையிலும் இருந்தன.

இன்னும் சில சான்றுகள் இதனை வலியுறுத்தும். ஆத்திரேலியாவைக் காத்த அதே அந்து 1957இல் கரிபியத் தீவாகிய நேவிசில் விடப்பட்டது. ஆங்கிருந்து தீவு தீவாகப் பரவி 1989இல் அமெரிக்க நாட்டுப் புளோரிடாவிற் காணப்பட்டது. கள்ளியின் தாயகமாகிய அமெரிக்கப் பெருநிலத்தில் அஃது இயற்கை இனங்களையே அழிக்கத் தொடங்கியது. மெக்சிகோவின் கரையோரத் தீவுகளில் 2006, 2007ஆம் ஆண்டுகளில் புகுந்தபோது அந்நாட்டார் பெருமுயற்சியுடன் அதனை ஒழித்தனர். கள்ளி அவர்க்கு உணவுப் பயிர் ஆதலின். மொராக்கோவில் 2014 முதல் பரவிய கொச்சினீல் பூச்சி ஊர்மக்கள் வளர்த்த கள்ளித் தோட்டங்களை அழித்தது. தமிழகத்தில் களையை அழித்து நன்மை செய்த இனமே மொராக்கோவில் பயிரை அழித்துத் தீமை செய்தது.

முடிவுரை

மேற்கண்ட ஆராய்ச்சியாற் பெறப்படுவன மூன்று. முதலாவது, சங்க நூற் கள்ளி பாற்கள்ளியே. மூதாயும் இந்திரகோபமும் கொச்சினீல் ஆகா. உரைகளும் அகராதிகளும் பாடநூல் ஓவியங்களும் இதற்கேற்பத் திருத்தம் பெறுதல் வேண்டும். 1492க்குப் பின் வந்த செடியை இரண்டாயிரம் ஆண்டுப் பாட்டினுள் நடுவோமாயின், பாலை நிலத்தைப் புலவர் கண்டவாறு நாம் காண இயலாது.

இரண்டாவது, களை என்பது செடியின் இயற்பெயரன்று. ஓரிடத்தில் வாழும் மக்கள் தம் தேவை நோக்கி இடும் பெயர் அது. குவீன்சுலாந்துப் பண்ணையார்க்குக் களையாயிருந்தது தாந்திராய் ஆயர்க்குக் கோடைக்கால உணவாயிருந்தது. பூச்சிக்கு இவ்வேறுபாடு தெரியாது. அதனை ஏவுவோர்க்குத் தெரிந்திருத்தல் வேண்டும்.

மூன்றாவது தமிழ்த்துறையார் கடமை பற்றியது. புல், செடி, பூச்சி, மேய்ச்சல் ஆகியவை பற்றிய சொற்கள் ஆயர் நாவில் வாழ்கின்றன. கொறங்காடும் புறம்போக்கும் குறைந்துவரும் இந்நாளில் அச்சொற்களும் உடன் குறைகின்றன. முதுகலை மாணவர் ஒவ்வொருவரும் தத்தம் ஊரின் ஆடுமாடு மேய்ப்போரிடம் சென்று, எச்செடியை மாடு தின்னும், எதனைத் தின்னாது, எது எப்போது வந்தது, அதற்கு யார் என்ன பெயரிட்டனர் என்பனவற்றைக் கேட்டு, இடமும் நாளும் குறித்துத் தொகுத்தல் வேண்டும். அங்ஙனம் தொகுத்த சொற்கோவை சங்க நூல்களின் முல்லைப் பொருளை விளக்கும். நாளை ஒரு நிலத்தில் ஒரு பூச்சியை விடலாமா என அலுவலர் கருதும்போது, அந்நிலத்து ஆயரின் கருத்தும் எழுத்தில் முன்னிற்க வழி செய்யும். தாந்திராய் ஆயர்க்கு அத்தகைய வாய்ப்பு 1924இல் கிட்டவில்லை.